நாழிகைப் பீரங்கி: இரண்டாம் குழுவின் ஒன்பதாவது குண்டு

பீரங்கி ஒழுங்காகத்தான் வெடித்தது. மருந்து நமுக்கவில்லை, குழலில் விரிசல் இல்லை, குண்டு நடுவில் சிக்கவில்லை. ஆனாலும் கோட்டைச் சுவருக்குப் போயிருக்க வேண்டிய 10.9 கிலோ இரும்புக் குண்டு, குழல்வாயிலிருந்து இரண்டே மீட்டர் தள்ளி அப்பளம்போல் தட்டையாகிச் சிதறியது. மூன்று டன் பீரங்கியோ பின்வாங்கியது, நிற்கவே இல்லை. பின்னால் நின்றிருந்த இருவரையும் இழுத்துக்கொண்டு குழியின் மறுவிளிம்பில் போய் நசுங்கியது.

ஆயுதமும் முற்றுகையும் கற்பனை. ஒரு மாய உலகத்துக்காக வடிவமைத்த பீரங்கி இது. அந்த உலகத்தில் ஒரே ஒரு மந்திரத்துக்குத்தான் அனுமதி: ஒரு சிறு இடத்துக்குள் காலத்தை வேகமாக ஓடவைக்கலாம். மற்றதெல்லாம் நம் இயற்பியல், நம் 18-ஆம் நூற்றாண்டுப் பீரங்கி வேலை. மந்திரம் ஒன்றே ஒன்று என்று கட்டிவிட்டால், மீதி விபத்தை இயற்பியலே எழுதிவிடுகிறது. அது எப்படி என்பதுதான் இந்த ஆய்வு.

ஆயுதம்

அடிப்படை, 24 பவுண்டு குண்டு போடும் சாதாரண வாய்வழிப் பீரங்கி. குண்டின் குறுக்களவு சுமார் 14 செ.மீ. மருந்து 3.6 கிலோ, அதாவது குண்டின் எடையில் மூன்றில் ஒரு பங்கு. குண்டு கிளம்பும் வேகம் நொடிக்குச் சுமார் 450 மீட்டர். தாழ்வான சக்கரவண்டியோடு சேர்த்து மொத்த எடை 3,000 கிலோ என்று வைத்துக்கொண்டோம். ஏழு பேர் வேண்டும். ஒரு குண்டு போட்டுவிட்டு, குழலை ஈரத்துணியால் துடைத்து, மருந்துப்பை, அடைப்பு, குண்டு என்று வரிசையாக இறக்கிக் கெட்டித்து, தீத்துளை வழியே பையைக் குத்தி, பற்றுமருந்து வைத்து, வண்டியை முன்னால் தள்ளி நிறுத்த இரண்டு நிமிடம். குறிபார்த்துச் சுட 5 நொடி. ஆக ஒரு குண்டுக்கு 125 நொடி.

இதைச் சுற்றி மடிப்பவர் ஒருவர் ஐந்து மீட்டர் ஆரத்தில் அரைக்கோள வடிவ 'மடிப்பு' போடுகிறார். உள்ளே காலம் எட்டு மடங்கு வேகம். வெளியே ஒரு நொடி கழிவதற்குள் உள்ளே எட்டு நொடி.

இந்த மாதிரி ஆயுதத்தை முதன்முதலில் யோசிக்கும் எவரும் உடனே போடும் கணக்கு: எட்டு மடங்கு வேகம் என்றால் எட்டு மடங்கு குண்டு. இது நடக்காது. காரணம் விளிம்பு.

உள்ளே 450 மீட்டர் வேகத்தில் கிளம்பும் குண்டு, வெளியே நிற்பவர் கணக்கில் 3,600 மீட்டர் வேகத்தில் நகர்கிறது. விளிம்பைத் தாண்டியதும் வேகம் மறுபடி 450. குண்டின் மூக்கு வெளியே வந்து மெதுவாகிவிட்டது. வால் இன்னும் உள்ளே, எட்டு மடங்கு வேகத்தில் பின்னாலிருந்து முட்டிக்கொண்டு வருகிறது. 14 செ.மீ. குண்டு 1.75 செ.மீ. தடிமனுக்கு நசுங்கியாக வேண்டும். விளிம்பைத் தடிமனாக்கி, வேகத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்தாலும் தப்ப முடியாது. நுழையும் வேகத்துக்கும் வெளியேறும் வேகத்துக்கும் உள்ள விகிதம்தான் நீளத்தின் விகிதம். வார்ப்பிரும்பு இதைத் தாங்காது, நொறுங்கும்.

(விளிம்பைத் தாண்டினாலும் அதே 3,600 மீட்டர் வேகத்தில் பறக்கட்டும் என்றும் விதி வைக்கலாம். அப்போது குண்டின் ஆற்றல் 64 மடங்கு. ஒரே குண்டில் கோட்டை முடிந்தது, கதையும் முடிந்தது. அதனால் அந்த விதியை விட்டுவிட்டோம்.)

எனவே முறை இப்படி அமைந்தது: மடிப்புக்குள் கெட்டிப்பது, மடிப்பை எடுத்துவிட்டுச் சாதாரணக் காலத்தில் சுடுவது. கெட்டிக்கும் 120 நொடி வெளியே 15 நொடியாகச் சுருங்கும், சுடும் 5 நொடி சுருங்காது. ஒரு சுற்றுக்கு 20 நொடி. காகிதத்தில் ஆறு மடங்குக்குச் சற்று மேல் லாபம்.

எடை போனது எங்கே

முதல் ஒத்திகையிலேயே இந்தக் கணக்கு கவிழ்ந்தது. மடிப்பு விழுந்ததும் ஏழு பேரின் காலும் தரையில் நிற்கவில்லை.

மந்திரம் காலத்தைத்தான் மாற்றியது, பூமியின் இழுப்பை மாற்றவில்லை. வெளியே ஒரு நொடியில் 4.9 மீட்டர் விழும் பொருள், உள்ளே இருப்பவர் கணக்கில் அதே 4.9 மீட்டரை எட்டு நொடியில் விழுகிறது. முடுக்கத்தில் காலம் இரண்டு முறை வருகிறது. அதனால் குறைவது எட்டு மடங்கு அல்ல, 64 மடங்கு. 9.8 என்பது 0.15 ஆகிவிட்டது. நிலவில்கூட இதைப் போல் பத்து மடங்குக்கு மேல் இழுப்பு உண்டு.

10.9 கிலோ குண்டைக் கையில் எடுத்தால் 170 கிராம் கனம்தான் தெரியும். ஆனால் அதை அசைக்கவும் நிறுத்தவும் வேண்டிய பலம் பழைய 10.9 கிலோவுக்கு உரியதே. இந்த வித்தியாசம் பழகாதவர் விரல் குண்டுக்கும் குழல்வாய்க்கும் நடுவில் மாட்டும். சாதாரணமாக அரை மீட்டர் எம்பிக் குதிக்கிறவர் இங்கே அதே பலத்தில் குதித்தால் 32 மீட்டர் உயரம் போவார். கூரையோ ஐந்து மீட்டர். தலை மட்டும் விளிம்புக்கு வெளியே நீண்டால், இதயம் உள்ளே எட்டு மடங்கு வேகத்தில் ரத்தம் அனுப்ப, மூளை வெளியே தன் வேகத்தில் வாங்கும். அதை யாரும் சோதித்துப் பார்க்க வேண்டியதில்லை.

உராய்வும் எடையோடு சேர்ந்தே போய்விட்டது. வண்டியைத் தள்ளினால் வண்டி நகராமல் தள்ளுகிறவர் பின்னால் வழுக்கிப் போகிறார். ஆகவே தரையில் குறுக்குக் கட்டைகள், ஆளுக்கொரு இடுப்புக் கயிறு, வண்டியை இழுக்க முளையில் கட்டிய கப்பிகள் வந்தன. இத்தனைக்கும் பிறகு கெட்டிக்கும் நேரம் உள்ளே 160 நொடி, வெளியே 20. சுற்றுக்கு 25 நொடி, நிமிடத்துக்கு 2.4 குண்டு. ஐந்து மடங்கு லாபம். இதுதான் உண்மையான எண்.

மருந்துத் தூள் வேறு தொல்லை. அகப்பையால் அள்ளிப் போட்டால் சிந்தும் நுண்தூள் காற்றில் இறங்கித் தரைக்கு வந்து சேர 64 மடங்கு நேரம் பிடிக்கிறது. நான்கைந்து சுற்றுக்குப் பிறகு குழிக்குள் கருந்தூள் மூட்டமாக மிதக்கும். பொறியின் துளி போதும். அதனால் அளந்து தைத்த துணிப்பை மட்டும்தான், அதுவும் வெளியே தைத்தது.

ஈர்ப்பும் காலத்தோடு சேர்ந்து மாறும் என்று இன்னொரு வரி எழுதிவிட்டால் இந்தத் தலைவலி எதுவும் இல்லை என்பது உண்மை. ஆனால் எடை போனதால்தான் கடிகாரங்கள் சண்டை போட்டன. சண்டை இல்லாவிட்டால் எழுத ஒன்றும் இல்லை.

எந்தக் கடிகாரம் யாருக்கு

மடிப்பு போட்டபின் உள்ளேயும் வெளியேயும் பேச்சுவார்த்தை கிடையாது. வெளியிலிருந்து வரும் ஒளியின் அதிர்வெண் எட்டில் ஒன்றாகிறது. கண்ணுக்குத் தெரிய வேண்டிய நிறமெல்லாம் அகச்சிவப்புக்குப் போய்விடுகிறது. நடுப்பகலிலும் உள்ளிருந்து பார்த்தால் சுற்றிலும் கும்மிருட்டு. குரல் மூன்று ஸ்தாயி இறங்குகிறது. 200 ஹெர்ட்ஸ் குரல் 25 ஹெர்ட்ஸ் உறுமலாகக் கேட்கும், சொல் எதுவும் பிடிபடாது. கொடி, விளக்கு, முரசு எதுவும் உதவாது. ஆகவே இரு பக்கமும் தனித்தனியாக நேரம் எண்ணி, ஒன்றுபோல் முடிக்க வேண்டும்.

முதலில் வைத்தது நாழிகை வட்டில். அடியில் துளையிட்ட கிண்ணத்தை நீரில் மிதக்கவிட்டால், நிரம்பி மூழ்கும் நேரம் ஒரு அளவு. 24 நிமிடத்தில் மூழ்கினால் ஒரு நாழிகை, நாளுக்கு அறுபது. போர்ப்பாசறையில் கன்னல் என்னும் நாழிகை வட்டிலைப் பார்த்து அரசனுக்குப் பொழுது சொல்கிறவர்கள் சங்கப் பாட்டிலேயே உண்டு. அந்த மரபிலிருந்துதான் இந்த உலகத்து நாழிகைக் கணக்கரும் வந்தார். அவர் இரண்டு வட்டில் செய்தார். வெளியே 20 நொடியில் மூழ்குவது ஒன்று. உள்ளே வைக்க, 160 நொடியில் மூழ்குவது இன்னொன்று. இரண்டையும் வெளியில் வைத்துத்தான் சரிபார்த்தார்.

மடிப்புக்குள் 160 நொடி வட்டில் மூழ்கவே இல்லை. வெளியே 20 நொடி முடிந்து மடிப்பு எடுத்தபோது அது எட்டில் ஒரு பங்குதான் நிரம்பியிருந்தது.

வட்டிலில் கோளாறு இல்லை. துளை வழியே நீர் புகும் வேகம் ஈர்ப்பின் வர்க்கமூலத்தைப் பொறுத்தது. ஈர்ப்பு 64 மடங்கு குறைந்தால் நீர் எட்டு மடங்கு மெதுவாகப் புகும். உள்ளே காலம் எட்டு மடங்கு வேகம். இரண்டும் சரிக்குச் சரி. அதாவது எடையால் ஓடும் கடிகாரம் மடிப்புக்குள் இருந்துகொண்டே வெளிநேரத்தைக் காட்டுகிறது. வட்டில், மணற்கடிகாரம், ஊசல் மூன்றும் அப்படியே. நாடித்துடிப்பு, சுருள்வில் கடிகாரம், மெதுமருந்துத் திரி ஆகியவை எடையை நம்புவதில்லை. அவை உள்நேரம் காட்டும்.

புகைந்து எரியும் சாதாரணக் கயிற்றுத் திரி இரண்டிலும் சேராது. சூடான காற்று மேலே எழும்பினால்தான் புதுக் காற்று உள்ளே வரும். எடை போனால் அந்த ஓட்டமும் மந்தமாகி, கங்கு மங்கும். ஒருவர் ஊதிக்கொண்டே இருக்க வேண்டும். அதை வைத்து நேரம் கணக்கிடுவது வீண் வேலை. மெதுமருந்துத் திரிக்கு வேண்டிய ஆக்சிஜன் அதன் வெடியுப்பிலேயே இருப்பதால் அந்தக் குறை இல்லை.

கணக்கர் இதைக் கண்டுபிடித்து வட்டிலை விட்டு ஊசலுக்கு வந்தார். இவ்வளவு குறைந்த எடையில் சிறு வட்டில் நீரின் மேற்பரப்பிலேயே ஒட்டிக்கொண்டு நிற்பதும் ஒரு காரணம். 25 செ.மீ. நூலில் ஈயக்குண்டு. போய்த் திரும்ப வெளியே ஒரு நொடி. உள்ளே பார்ப்பவருக்கு எட்டு நொடி. இருபது ஆட்டம் எண்ணினால் மடிப்பு எடுக்கும் நேரம். வெளியே மடிப்பவர் கையிலும் அதே ஊசல், அதே இருபது. இரு பக்கமும் இம்மி பிசகாமல் ஒத்துப்போனது. இதைவிட அழகான தீர்வு இந்த ஆயுதத்தில் வேறு இல்லை. விபத்துக்கு வழிவிட்டதும் இதுதான்.

குழிக்கு வெளியே

சம்பவத்துக்கு முன் இன்னொன்றைச் சொல்லிவிட வேண்டும். சரக்கு எங்கே நிற்கிறது என்பதை முடிவு செய்வது இதுதான்.

உள்ளிருந்து வெளியேறும் ஒளிக்கு அதிர்வெண் எட்டு மடங்கு கூடுகிறது. சாதாரண அறைச் சூட்டில் இருக்கும் மண்ணும் மனித உடலும் இரும்பும் வெளியே 2,400 கெல்வின் பொருளைப் போலத் தெரியும். பழைய குண்டு பல்பின் இழை இருக்கும் சூடு அது. கூடவே, வெளியிலிருந்து மடிப்பின்மேல் விழும் ஒளி ஏழு பாகைக்கு மேல் சாய்ந்திருந்தால் உள்ளே போகாமல் திரும்பிவிடுகிறது. ஆக வெளியே நிற்பவர் காண்பது வானத்தையும் புல்லையும் காட்டும் ஒரு ரசக்கண்ணாடிக் குவிமாடம். அதன் நடுவில், சுமார் ஒண்ணேகால் மீட்டர் அகலத்துக்கு, கண் கூசும் மஞ்சள் வெளிச்சம். எதிரிக்கு இதைத் தேடும் சிரமமே இல்லை.

சூடும் அப்படித்தான். மேல்வரம்பாகக் கணக்கிட்டால் விளிம்பில் சதுர மீட்டருக்கு 29 கிலோவாட். அது உச்சிவெயில் அளவான ஒரு கிலோவாட்டுக்குக் குறைய 27 மீட்டர் தள்ளிப் போக வேண்டும். மடிப்பவர், மருந்துவண்டி, காத்திருக்கும் அடுத்த குழு எல்லாம் 30 மீட்டர் கோட்டுக்கு அப்பால்தான். குழிக்குள்ளோ நேர்மாறு. உள்ளிருந்து சூடு வெளியேறுகிறது, வெளியிலிருந்து ஏறக்குறைய எதுவும் வருவதில்லை. ஒவ்வொரு சுற்றிலும் குழி மெல்லக் குளிர்ந்து, ஈரத்துணி விறைத்துப்போகிறது.

முப்பது மீட்டரை ஐந்து நொடித் திறப்பில் மருந்துப்பையோடு ஓடிக் கடந்து திரும்ப முடியாது. ஆகவே இருபது குண்டுக்கான 72 கிலோ மருந்தை முன்பே குழியில் வைத்துக்கொண்டு, இருபதும் தீர்ந்ததும் மூன்று நிமிடம் நிறுத்திச் சரக்கேற்றினார்கள். ஒரு தொகுதிக்கு 500 நொடி சுடுவது, 180 நொடி சரக்கு. வெளியே ஒரு மணி நேரம் சுட்டால் குழுவுக்கு ஐந்து மணி நேரத்துக்கு மேல் கழிந்திருக்கும். அதனால் மணிக்கொரு குழு மாற்றம்.

அன்றைய வரிசை

விடியலுக்கு முன் முதல் குழு தொடங்கியது. இரண்டாம் தொகுதியிலேயே மேலிடத்திலிருந்து நெருக்கடி: சுவரை எதிரி பூசுவதற்குள் இன்னும் வேகமாகப் போட வேண்டும். வெளியே சுருங்காத அந்த ஐந்து நொடியைக் குறைக்க ஒரு குறுக்குவழி கண்டார்கள். குறியை முந்தைய சுற்றிலேயே தரைக்கோட்டில் குறித்துக்கொள்வது. மடிப்பு எடுக்கும் முன்பே, உள்ளே இருக்கும்போதே, தாமதத் திரியைப் பற்றவைப்பது. மடிப்பு எடுத்த மறு அரைநொடியில் பீரங்கி வெடிக்கும். இரண்டு நொடியில் மறுபடி மடிப்பு. சுற்று 25 நொடியிலிருந்து 22 ஆனது. லாபம் சுமார் 14 சதவீதம்.

முதல் குழுவின் பீரங்கிக்காரர் போட்ட கணக்கு சரியானது. பதினைந்தாவது ஆட்டத்தில் பற்றவைக்க வேண்டும். மிச்சம் ஐந்து ஆட்டம், உள்ளே 40 நொடி. வெளியே வந்தபின் அரைநொடி, கொஞ்சம் கைத்தாராளம். 41 நொடித் திரி. முதல் குழு முழுக்க இப்படியே போட்டது, ஒரு பிசகும் இல்லை. 41 நொடிக்கு வெட்டிய திரிகள் ஒரு பெட்டியில் இருந்தன. பெட்டிமேல் ஒன்றும் எழுதவில்லை. பலகையில் மட்டும் சுண்ணாம்பால் ஒரு வரி: "மிச்சம் 5 நொடி."

குழு மாறியது. புதியவர்கள் வெளியில் பயிற்சி எடுத்தவர்கள், கையும் சுறுசுறுப்பு. முதல் எட்டுக் குண்டு பழைய பெட்டித் திரியில் போனது. பெட்டி காலியானது. ஒன்பதாவதற்குப் புதுத்திரி வெட்ட வேண்டும். வெட்டியவர் பலகையைப் பார்த்தார்: மிச்சம் ஐந்து நொடி. ஒரு நொடி கூட வைத்து ஆறு நொடித் திரி வெட்டினார். பலகையை மட்டும் பார்த்தால் அதில் தப்பே தெரியாது.

பதினைந்தாவது ஆட்டத்தில் பற்றவைத்தார்கள். ஆறு நொடித் திரி உள்நேரத்தில் ஆறு நொடி எரிந்தது. வெளிநேரத்தில் அது முக்கால் நொடி. மடிப்பு எடுக்க இன்னும் நாலேகால் நொடி பாக்கி. குழுவின் நாடிக்கு அது 34 நொடி.

குண்டு விளிம்பில் என்ன ஆனது என்பதை மேலே பார்த்தோம். ஆனால் ஆளைக் கொன்றது குண்டு அல்ல, பின்னடி. குண்டும் மருந்துப் புகையும் முன்னால் போகும் உந்தத்துக்கு ஈடாக, மூன்று டன் பீரங்கி நொடிக்குச் சுமார் 2.2 மீட்டர் வேகத்தில் பின்வாங்கும். சாதாரணத் தரையில், உராய்வுக் கெழு 0.3 என்று வைத்தால், 0.8 மீட்டரில் நின்றுவிடும். மடிப்புக்குள் உராய்வு 64-இல் ஒன்று. நிற்க 53 மீட்டர் வேண்டும், இருந்ததோ மூன்று மீட்டர். ஒன்றரை நொடிக்குள் வண்டியின் பின்சட்டம் விளிம்பில் முட்டி, குண்டைப் போலவே நசுங்கத் தொடங்கியது. குழலின் அச்சு சக்கரத்துக்கு மேலே இருப்பதால் பின்னடி வண்டியைப் பின்பக்கமாகப் புரட்டவும் பார்க்கும். வழக்கமாக எடைதான் அதைத் தரையோடு அழுத்தி வைக்கிறது. அந்த எடையும் இல்லை. முன்சக்கரம் தூக்கி, குழல்வாய் வானம் பார்த்து, பீரங்கி மல்லாந்தது. இழுகயிறு முன்னால் இழுக்கத்தான் கட்டியது, பின்னடியைப் பிடிக்க அல்ல. முதல் இழுப்பிலேயே முளையோடு வந்துவிட்டது.

நாலேகால் நொடி கழித்து மடிப்பவர் தன் இருபதை எண்ணி முடித்து மடிப்பை எடுத்தார். மிதந்துகொண்டிருந்ததெல்லாம் ஒரே நேரத்தில் முழு எடையோடு கீழே வந்தது.

எங்கே பிசகியது

ஊசல் சரி, திரி சரி, எண்ணியதும் சரி. "நொடி" என்ற ஒரே சொல் பலகையில் ஒரு காலத்தையும் திரியில் வேறு காலத்தையும் குறித்தது. வட்டில் உள்நேரம் காட்டும் என்று எல்லோரும் தப்பாக நம்பியிருந்த ஆரம்ப நாட்களில் இந்த ஆபத்து இல்லை. கணக்கர் ஊசலை வெளிநேரத்துக்குத் திருத்தினார். திரி வெட்டும் மேசைக்கு அந்தத் திருத்தம் போய்ச் சேரவில்லை.

இது கற்பனை உலகத்துக்கு மட்டும் உரிய தவறு அல்ல. 1991 பிப்ரவரி 25 அன்று சவூதி அரேபியாவின் தஹ்ரானில் இருந்த அமெரிக்க பேட்ரியட் ஏவுகணை அரண், வந்துகொண்டிருந்த ஸ்கட் ஏவுகணையைத் தடுக்கவே முயலவில்லை. 28 படைவீரர்கள் இறந்தார்கள். அதன் கணினி நேரத்தைப் பத்தில் ஒரு நொடியாக எண்ணியது. பத்தில் ஒன்று என்பது இரும எண்ணில் முடிவில்லாமல் நீளும் பின்னம். 24 பிட்டில் அதை வெட்டியதால் ஒவ்வொரு எண்ணிக்கையிலும் நொடியில் கோடியில் ஒரு பங்கு அளவுக்குச் சிறு குறை விழுந்தது. நூறு மணி நேரம் தொடர்ந்து ஓடிய பிறகு அது 0.34 நொடி. நொடிக்கு 1,676 மீட்டர் வேகத்தில் வரும் ஏவுகணைக்கு அந்த 0.34 நொடி அரை கிலோமீட்டருக்கும் அதிகம். ரேடார் பார்க்க வேண்டிய இடத்தை விட்டு வேறிடத்தைப் பார்த்தது. கடிகாரம் ஒரே அளவில் பிசகியிருந்தால் இரு அளவீட்டுக்கு நடுவில் குறை கழிந்து போயிருக்கும். நேரத்தை மாற்றும் துல்லியமான முறையை நிரலின் சில இடங்களில் மட்டும் புகுத்தி, மற்ற இடங்களைப் பழையபடி விட்டிருந்ததால் கழியவில்லை. திருத்திய நிரல் தஹ்ரானுக்கு வந்து சேர்ந்தது மறுநாள்.

முழுக்கத் தப்பாக இருப்பதைவிடப் பாதி திருத்தியது ஆபத்து. நாழிகைப் பீரங்கியில் நடந்ததும் அதேதான்.

மாற்றியவை

முதலில் சொல். வெளிநேரத்துக்கு 'ஆட்டம்', உள்நேரத்துக்கு 'துடிப்பு'. குழியில் 'நொடி' என்ற சொல்லுக்குத் தடை. பலகையில் இப்போது இருப்பது: "மிச்சம் 5 ஆட்டம் = 40 துடிப்பு." திரி வெட்டும் மேசைக்கு ஊசல் கொடுப்பதில்லை, நாடி பிடித்தோ சுருள்வில் கடிகாரத்திலோ மட்டும் அளக்க வேண்டும்.

அடுத்தது கயிறு. கப்பல் பீரங்கிகளில் பின்னடியைப் பிடிக்கத் தடித்த கயிறு ஒன்று எப்போதும் கட்டியிருக்கும். தரைப் பீரங்கிக்கு அது தேவையில்லை என்று விட்டிருந்தார்கள். தடுக்க வேண்டிய ஆற்றல் சுமார் 7.3 கிலோஜூல். 0.8 மீட்டரில் நிறுத்தினால் சராசரி இழுவை 9 கிலோநியூட்டன், கிட்டத்தட்ட 900 கிலோ தொங்கும் கனம். உச்ச இழுவை அதைவிடப் பல மடங்கு வரும் என்பதால் இருபக்கமும் இரட்டைக் கயிறு, முளைக்குப் பதில் மண்ணில் புதைத்த குறுக்கு மரம்.

மூன்றாவது மாற்றம்தான் எங்களுக்கு மிகவும் பிடித்தது. தீத்துளைக்கு ஒரு பித்தளை மூடி. அதைச் சுருள்வில் ஒன்று 3 நியூட்டன் பலத்தில் மூடியே வைக்கும். மூடியின் மறுமுனையில் ஒரு கிலோ இரும்புக்கட்டி. வெளிக்காலத்தில் கட்டியின் எடை 9.8 நியூட்டன், வில்லை மீறி மூடியைத் திறந்து பிடிக்கும். மடிப்பு விழுந்ததும் கட்டியின் எடை 0.15 நியூட்டன். வில் ஜெயித்து மூடி தானாகச் சாத்திக்கொள்ளும். எந்தக் குழு எந்தத் திரியை வெட்டினாலும் மடிப்புக்குள் தீ மருந்தைத் தொடாது. ஆள் எண்ணத் தேவையில்லை, ஞாபகம் வைத்துக்கொள்ளவும் தேவையில்லை. எடையே காவல். கட்டியில் மருந்துக்கரி படிந்து கீல் இறுகாமல் தொகுதிக்கு ஒரு முறை துடைக்க வேண்டும், அவ்வளவுதான்.

மூடி வந்தபின் தாமதத் திரிக்கு வேலை இல்லை. தீத்துளை வழியே பையைக் குத்துவதும் பற்றுமருந்து வைப்பதும் மடிப்பு எடுத்த பிறகுதான் நடக்கும். கயிற்றுத் திரி போய்ச் சக்கிமுக்கி விசை வந்தது. திறந்திருக்கும் நேரம் ஏழு நொடி, சுற்று 27 நொடி. இருபது குண்டுக்கு ஒன்பது நிமிடம்; குறுக்குவழியில் இது ஏழு நிமிடம் இருபது நொடியாக இருந்தது.